நன்றிக்கடனும் ஒரு குடும்பப் பெயரும்

நாடகாசிரியர் டாம் ஸ்டாப்பார்டைப் பற்றி யார் எழுதினாலும் ஒரு வரி தவறாமல் வந்துவிடும். அகதியாக வந்த சிறுவன், ஆங்கிலேயர்களை விட நன்றாக ஆங்கிலம் எழுதினான் என்று. 2025 நவம்பர் 29 அன்று 88 வயதில் அவர் இறந்தபோதும் அதையேதான் படித்தேன். பாராட்டுதான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் எனக்கு அந்த வரியைப் பார்த்தாலே எரிச்சல் வருகிறது. குடியேறி வந்தவன் இப்படித்தான் இருக்க வேண்டும், வந்த வழியைப் பற்றி வாய் திறக்காமல் இடம் கொடுத்த நாட்டுக்கு ஆயுள் முழுக்க நன்றி சொல்லிக்கொண்டிருக்க வேண்டும் என்று அதற்குள் ஒரு உபதேசம் ஒளிந்திருக்கிறது. அந்த நன்றியை அவருடைய வளர்ப்புத் தந்தை எப்படி வசூலிக்கப் பார்த்தார் என்பதைத் தெரிந்துகொண்ட பிறகு, அவருடைய நாடகங்களை நான் படிக்கும் விதமே மாறிவிட்டது.

கதை பாட்டா செருப்பில் தொடங்குகிறது. ஆமாம், நம்ம பாட்டாதான். ஜூன் மாதம் பள்ளி திறக்கும்போது கறுப்பு ஷூ வாங்கப் போன நம்மில் பாதிப் பேர் அதை இந்தியக் கம்பெனி என்றே நினைத்திருப்போம். அது செக் நாட்டில் ஸ்லீன் என்ற ஊரில் 1894-ல் பிறந்தது. தொழிலாளர் வீடுகள், கடைகள், ஆஸ்பத்திரி என்று ஊரே கம்பெனியைச் சுற்றி வளர்ந்தது. அங்கே டாக்டராக இருந்தவர் ஓய்கென் ஸ்ட்ராய்ஸ்லர் என்ற யூதர். அவருடைய இளைய மகன் டோமாஷ், 1937 ஜூலை 3 அன்று பிறந்தான். 1939 மார்ச்சில் ஹிட்லரின் படை உள்ளே வந்தபோது, கம்பெனி தன்னுடைய யூத ஊழியர்களை வெளிநாட்டுக் கிளைகளுக்கு மாற்றி அனுப்பியது. ஸ்ட்ராய்ஸ்லர் குடும்பத்துக்கு விழுந்த ஊர் சிங்கப்பூர். ஒரு டிரான்ஸ்ஃபர் ஆர்டரில் நான்கு உயிர் தப்பியது.

அங்கேயும் போர் துரத்தி வந்தது. 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் ஜப்பானிடம் வீழ்ந்தது. அதற்கு முன்பே அம்மா மார்த்தாவும் இரண்டு பையன்களும் கப்பலேறிவிட்டார்கள். அப்பா அப்புறம் வருவதாக இருந்தார். அவர் தப்பிவந்த கப்பல் ஜப்பானியரின் குண்டுவீச்சுக்கு இரையாகி, அவரும் இறந்தார். இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த நாட்களில் மலாயாவிலும் சிங்கப்பூரிலும் யாருக்குக் கப்பலில் இடம் என்பதைத் தோல் நிறமும் தீர்மானித்தது. பினாங்கைக் காலி செய்தபோது பிரிட்டிஷார் ஐரோப்பியர்களை மட்டும் ஏற்றிக்கொண்டு போனார்கள். ரப்பர் தோட்டத்துத் தமிழர்களை ஏற்ற எந்தக் கப்பலும் வரவில்லை. அவர்களில் ஆயிரக்கணக்கானவர்கள் ஜப்பானியர் கட்டாய உழைப்பில் போட்ட சயாம் ரயில்பாதைக்குப் போய்ச் சேர்ந்தார்கள். தனக்கு வாய்த்தது அதிர்ஷ்ட வாழ்க்கை என்று ஸ்டாப்பார்ட் பலமுறை சொல்லியிருக்கிறார். அந்த அதிர்ஷ்டத்தில் இதுவும் சேர்த்தி.

தாயும் பிள்ளைகளும் இந்தியா வந்து சேர்ந்தார்கள். டார்ஜிலிங்கில் அம்மா பாட்டா கடையை நிர்வகித்தார். பையன்கள் அங்கே அமெரிக்கர்கள் நடத்திய மவுண்ட் ஹெர்மன் பள்ளியில் படித்தார்கள். டோமாஷ் டாம் ஆனதும், செக் மொழி போய் ஆங்கிலம் வந்ததும் இந்தியாவில்தான். 1945-ல் அம்மா கென்னத் ஸ்டாப்பார்ட் என்ற பிரிட்டிஷ் ராணுவ மேஜரை மணந்துகொண்டார். 1946-ல் எல்லோரும் இங்கிலாந்து. எட்டு வயதுப் பையனுக்கு அது நான்காவது நாடு.

பதினேழு வயதில் படிப்பை விட்டுவிட்டு பிரிஸ்டலில் ஒரு பத்திரிகையில் சேர்ந்தார். கார் ஓட்டவே தெரியாமல் கார்களைப் பற்றி எழுதினாராம், சீட் உறையை மட்டும் விமர்சனம் செய்வேன் என்று அவரே சொல்லிச் சிரித்திருக்கிறார். அப்புறம் 1966-ல் எடின்பரோ விழாவில் ஒரு சின்னக் குழு ‘ரோஸன்கிரான்ட்ஸ் அண்ட் கில்டன்ஸ்டர்ன் ஆர் டெட்’ நாடகத்தைப் போட்டது. அடுத்த ஆண்டே அது லண்டன் நேஷனல் தியேட்டருக்குப் போனது. அப்போது அவருக்கு 29 வயது.

ஹாம்லெட் நாடகத்தில் வந்து போகும் இரண்டு சில்லறைப் பாத்திரங்களை இதில் நடுமேடைக்குக் கொண்டுவந்தார். திரை விலகும்போது இருவரும் காசு சுண்டிக்கொண்டிருக்கிறார்கள். ஒவ்வொரு முறையும் தலைதான் விழுகிறது. ஏன் என்று தெரியவில்லை. யாரோ விடியற்காலையில் வந்து கூப்பிட்டார்கள், வந்துவிட்டார்கள், எதற்கு என்று தெரியவில்லை. தங்களில் யார் ரோஸன்கிரான்ட்ஸ், யார் கில்டன்ஸ்டர்ன் என்பதே அவர்களுக்குக் குழம்புகிறது. கடைசியில் ஒரு கப்பலில் ஏற்றி அனுப்பப்படுகிறார்கள். இதை அபத்த நாடகங்கள் எழுதிய சாமுவேல் பெக்கெட்டின் வாரிசு என்றும் மூளை விளையாட்டு என்றும் விமர்சகர்கள் எழுதினார்கள். நான் அதை வேறு மாதிரி படிக்கிறேன். விவரம் தெரியும் முன்பே கப்பல் கப்பலாக ஏற்றி இறக்கப்பட்டு, பெயரும் மொழியும் மாற்றப்பட்ட ஒருவருக்கு இந்த நாடகத்தை எழுதக் கற்பனையே அதிகம் தேவைப்பட்டிருக்காது. ஸ்டாப்பார்ட் இந்த விளக்கத்தை ஒப்புக்கொண்டிருக்க மாட்டார். பரவாயில்லை. நாடகம் எதைப் பற்றியது என்று கேட்டவர்களிடம், என்னைப் பெரிய பணக்காரனாக்கப் போவதைப் பற்றியது என்று சொன்ன மனிதர் அவர்.

நடுவில் உள்ள முப்பது ஆண்டுகளை வேகமாகக் கடக்கிறேன். ‘டிராவஸ்டீஸ்’, ‘தி ரியல் திங்’, ‘ஆர்காடியா’ எல்லாம் பெரிய நாடகங்கள். ‘ஷேக்ஸ்பியர் இன் லவ்’ படத்துக்கு, இன்னொருவரோடு சேர்ந்து எழுதியதற்காக, ஆஸ்கர் கிடைத்தது. சர் பட்டம் 1997-ல். பிரிட்டிஷ் பிரதமர் தாட்சரை வெளிப்படையாக ஆதரித்தார். அது எனக்கு ஒப்பவில்லை. ஆனால் பிராகில் நாடகாசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெலைச் சிறையில் போட்ட கம்யூனிஸ்ட் ஆட்சியைப் பார்த்துவிட்டு வந்தவருக்கு, லண்டனில் வாய்க்கு வந்ததைப் பேச முடிவதே பெரிய விஷயமாகத் தெரிந்திருக்கும் என்பதும் புரிகிறது.

1993-க்கு வருகிறேன். செக் நாட்டிலிருந்து ஒரு உறவுக்காரப் பெண் லண்டன் வந்து அவரைச் சந்தித்தார். தாத்தா பாட்டிகளில் யாரோ ஒருவர் யூதர் என்ற அளவில்தான் அதுவரை அவருக்குத் தெரியும். அந்தப் பெண் ஒரு தாளில் குடும்ப மரத்தை வரைந்து காட்டினார். நான்கு பேருமே யூதர்கள். நான்கு பேருமே நாஜிகளின் பிடியில் செத்தவர்கள். அம்மாவின் அக்கா தங்கைகளில் மூன்று பேரும் அப்படியே. அவருக்கு அப்போது 56 வயது. அம்மா உயிரோடுதான் இருந்தார், அத்தனை வருடமும் சொல்லவில்லை. அந்த அம்மாவைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அக்கா தங்கைகளைப் பற்றி வாய்விட்டு அழக்கூட இடமில்லாத ஒரு வீட்டில் அவர் ஐம்பது ஆண்டு குடித்தனம் நடத்தியிருக்கிறார்.

எப்படிப்பட்ட வீடு? ஒன்பது வயதில் டாம் யதார்த்தமாக “என் நிஜ அப்பா” என்று சொல்லிவிட்டார். உன்னை பிரிட்டிஷ்காரனாக ஆக்கியதே நான்தான், அது தெரியவில்லையா என்று மேஜர் கடிந்துகொண்டார். 1996-ல் அம்மா இறந்தார். அதற்குப் பிறகு மேஜர் ஒரு கடிதம் எழுதினார். நீ இனிமேல் ஸ்டாப்பார்ட் என்ற பெயரைப் பயன்படுத்தாதே என்று. சோவியத் யூதர்களுக்காக டாம் பத்து ஆண்டுகளுக்கு முன் குரல் கொடுத்தது அவருக்கு உறுத்திக்கொண்டே இருந்திருக்கிறது. பெயரை விடுவது நடைமுறைக்கு ஒத்துவராது என்று டாம் பதில் எழுதினார். உலகத்தின் பாதி நாடக அரங்குகளில் அந்தப் பெயர் போஸ்டராக ஒட்டியிருந்த காலம் அது. இவ்வளவு புகழ் பெற்றவரிடமே கொடுத்ததைத் திருப்பிக் கேட்க முடியும் என்றால், சாதாரணமாகக் குடியேறிய ஒருவரின் கதி என்ன?

1998-ல் அவர் ஸ்லீனுக்குப் போனார். அங்கே ஒரு மூதாட்டி தன் கையைக் காட்டினார். சிறு வயதில் கண்ணாடியில் கிழித்துக்கொண்ட கை. தையல் போட்டவர் டாக்டர் ஸ்ட்ராய்ஸ்லர். அந்தத் தழும்பைத் தொட்டபோதுதான் தனக்குத் துக்கம் வந்தது என்று 1999-ல் எழுதிய கட்டுரையில் சொல்கிறார். அப்பாவின் பொருள் என்று எதுவுமே அவரிடம் இல்லை. அப்பாவின் கைவேலை இன்னொருவர் தோலில் இருந்தது.

இருபது ஆண்டு கழித்து, 2020-ல், ‘லியோபோல்ட்ஸ்டாட்’ மேடையேறியது. வியன்னாவின் ஒரு பெரிய யூதக் குடும்பம், 1899 முதல் 1955 வரை. கடைசிக் காட்சியில் இங்கிலாந்தில் வளர்ந்த ஒரு இளைஞன் வருகிறான். பழைய பெயர் போய்ப் புதுப் பெயர், நல்ல ஆங்கிலம், எதுவும் நினைவில்லை. வதை முகாமிலிருந்து மீண்ட உறவினன் அவனைக் கிழித்து எடுக்கிறான், உனக்கு வரலாறே இல்லாதது போல வாழ்கிறாயே என்று. கிழிபடுகிறவன் ஸ்டாப்பார்ட், கிழிக்கிற வசனத்தை எழுதியவரும் ஸ்டாப்பார்ட். 82 வயதில் இதைச் செய்ய அசாத்தியத் துணிச்சல் வேண்டும். பாத்திரங்கள் அதிகம், யார் யாருக்கு என்ன உறவு என்றே பிடிபடவில்லை என்று சிலருக்குக் குறை. எனக்கும் முதல் காட்சியில் பிடிபடவில்லைதான். பிடிபடத் தொடங்கும் நேரத்தில் அவர்கள் ஒவ்வொருவராக இல்லாமல் போகிறார்கள். அதனால் அதைக் குறையாகச் சொல்ல மாட்டேன்.

அவரைப் படித்ததே இல்லை என்பவர்கள் முதலில் அந்த 1999 கட்டுரையைத் தேடிப் படியுங்கள், அப்புறம் ‘லியோபோல்ட்ஸ்டாட்’. ரோஸன்கிரான்ட்ஸை மூன்றாவதாக வைத்துக்கொள்ளலாம். இந்தியாவைக் களமாகக் கொண்ட அவருடைய ‘இண்டியன் இங்க்’ நாடகத்துக்கு அவசரமில்லை. டார்ஜிலிங் பாசம் அதில் கொஞ்சம் தூக்கலாகவே இருக்கிறது.