அமைதிக் காலத்தில் அந்த அரசி என்ன செய்தாள்?
உங்கள் கதையில் கற்பனை நாட்டு அரசியின் மூன்று போர்களையும் விரிவாக எழுதிவிட்டு, நடுவே கழிந்த இருபது ஆண்டு அமைதியை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்களே! எனக்கு வேண்டியது அந்த இருபது ஆண்டுகள்தான். படைக்குத் தானியம் எங்கிருந்து வந்தது? வரியை யார் வசூலித்தார்கள்? அவள் அரியணை ஏறிய முதல் நாளே அரசவை முழுவதும் அவளை வணங்குகிறது என்பதையும் ஏற்க முடியவில்லை. பண்டைய எகிப்தை ஆண்ட அரசி ஹட்செப்சுட் சிலைகளில் பொய்த்தாடியுடன் காட்சி தருகிறாள். 13-ஆம் நூற்றாண்டில் தெலுங்கு நிலத்துக் காகதீய நாட்டை ஆண்ட அரசி ருத்ரமாதேவி, கல்வெட்டுகளில் ருத்ரதேவ மகாராஜா என்ற ஆண் பெயரிலும் குறிக்கப்படுகிறாள். அரியணையில் அமர்ந்த பிறகும் அவர்கள் ஆணின் அடையாளத்தைச் சுமக்க வேண்டியிருந்தது. உங்கள் அரசியை எதிர்த்துப் பேச அவையில் ஒரு கிழட்டு அமைச்சராவது இருக்கட்டும். அவரை அவள் எப்படி வென்றாள் என்று எழுதுங்கள். போர்க்களக் காட்சிகளைவிட அதை ஆவலோடு படிப்பேன்.