21 வயதுக்குக் கீழ் போட்ட கையெழுத்து செல்லாதா?

கோலாலம்பூரின் செந்தூல், பிரிக்பீல்ட்ஸ் பக்கத்து வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு குரல்பதிவு சுற்றுகிறது: “21 வயசு ஆகலைன்னா நீங்க போட்ட கையெழுத்து செல்லாது. ஜாமீன் போட்டாலும் கடன் உங்களைத் தொடாது.” இது தவறு.

மலேசியாவில் 1971-ஆம் ஆண்டின் வயது வரம்புச் சட்டப்படி 18 நிறைந்தவர் பெரியவர். அன்றிலிருந்து அவர் போடும் ஒப்பந்தம் அவரைக் கட்டுப்படுத்தும். நண்பன் தவணையில் மோட்டார் எடுக்கும்போது, பாரத்தின் கடைசிப் பக்கத்தில் ‘பென்ஜாமின்’ (மலாயில் ஜாமீன்தாரர்) என்ற இடத்தில் பெயரும் மைகார்டு (அடையாள அட்டை) எண்ணும் எழுதுகிறீர்களே, அதுதான் ஜாமீன். 1950-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டப்படி, வேறு நிபந்தனை எழுதப்படாவிட்டால், கடன் வாங்கியவனின் பொறுப்பு முழுதும் ஜாமீன்தாரருக்கும் உண்டு. அவன் கட்டாவிட்டால் உங்களிடம் கேட்பார்கள். 19 வயதுப் பிள்ளைகள் அந்தக் குரல்பதிவை நம்பிக் கையெழுத்துப் போடுவார்களே என்பதுதான் என் கவலை.

21 என்ற எண் வேறு இடத்தில் இருக்கிறது. முஸ்லிம் அல்லாதோர் 21 நிறையும் முன் திருமணம் செய்ய, தந்தையின் எழுத்துபூர்வ சம்மதம் வேண்டும். அவர் இல்லையென்றால் தாயின் சம்மதம். வாக்குரிமையும் முன்பு 21-தான். 2021 டிசம்பர் 15 முதல் 18, பதிவும் தானாகவே நடக்கிறது.

ஏற்கெனவே ஜாமீன் போட்டவர்கள் ஒப்பந்த நகலைக் கேட்டு வாங்கி, பாக்கி எவ்வளவு என்று இப்போதே பாருங்கள்.