மெத்தோட்ரெக்ஸேட் ரத்தக் குழாய்களை அரிக்கும் விஷமா?

'மூட்டுவாதத்துக்குத் தரும் மெத்தோட்ரெக்ஸேட் ரத்தக் குழாய்களை வீங்கவைக்கும் விஷம். இன்றே நிறுத்துங்கள்' என்று கடலூர், புதுச்சேரி வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி சுற்றுகிறது. இதை நம்பி மாத்திரையைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள்.

செய்தியில் ஒரு துளி உண்மை இருக்கிறது; ஆபத்தும் அதனால்தான். இம்மருந்து அரிதாகச் சிலருக்குத் தோலின் சிறு ரத்தக் குழாய்களில் அழற்சியை உண்டாக்கும். கால்களில் தடவினால் மேடாகத் தட்டுப்படும் செந்நீலப் புள்ளிகள் அதன் அடையாளம். ஆனால் இதே மருந்துதான் வேறு சில ரத்தக்குழாய் அழற்சி நோய்கள் அடங்கிய பின் திரும்பாமல் காக்கவும் தரப்படுகிறது. தவிர, கட்டுப்படாத முடக்குவாதம் என்ற மூட்டுவாத வகையே ரத்தக் குழாய்களைத் தாக்கக்கூடியது. ஆகவே புள்ளிகள் வந்தால் காரணம் மருந்தா, நோயா, தொற்றா என்பதைப் பரிசோதனைதான் சொல்ல வேண்டும். தேவைப்பட்டால் தோலில் சிறு துண்டு எடுத்துப் பார்ப்பார்கள். புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனையில் இத்தகைய நோய்களுக்கென்றே தனித் துறை இருக்கிறது.

அந்தச் செய்தி சொல்லாமல் விட்ட உண்மையான அபாயம் வேறு. மூட்டுவாதத்துக்கு இந்த மாத்திரை வாரம் ஒரு நாள் மட்டுமே. தவறுதலாகத் தினமும் விழுங்கியவர்கள் ரத்த அணுக்கள் குறைந்து இறந்திருக்கிறார்கள். எந்தக் கிழமை என்று அட்டையிலேயே எழுதி வையுங்கள். வாய்ப்புண், காய்ச்சல், வறட்டு இருமல், மூச்சுத்திணறல் வந்தால், அடுத்த மாத்திரைக்கு முன், அன்றே மருத்துவரிடம் போங்கள்.