வெட்டி எறிந்த காட்சிகளும் வேண்டும்

டிசம்பர் 25 வந்தால் கீழ்வெண்மணியில் கேமராக்கள் குவிகின்றன. தலைவர்களின் பேச்சு முழுவதும் பதிவாகிறது. அந்த இரவில் உயிர் தப்பியவருக்கு அரை நிமிடம். அதற்குள் அவர் அழுதுவிட்டால் இன்னும் வசதி என்று நினைக்கிறவர்களும் உண்டு. எரிச்சலாக இருக்கிறது.

1968இல் அதே நாள் இரவில், கூலி நெல்லைக் கூட்டிக் கேட்ட விவசாயத் தொழிலாளர்களின் தெருவில், ஒரே குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். 1973இல் சென்னை உயர் நீதிமன்றம் மிராசுதார்களை விடுவித்தது. பெரும் நிலக்காரர்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்றது தீர்ப்பு. கண்ணால் பார்த்தவர்களை நம்பாத அந்தக் காகிதம் பத்திரமாக இருக்கிறது. பார்த்தவர்கள்தான் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். அன்றைய பத்து வயதுப் பிள்ளைக்கு இன்று அறுபத்தைந்து தாண்டிவிட்டது.

பாரதி கிருஷ்ணகுமாரின் 'ராமய்யாவின் குடிசை' ஆவணப்படம் இல்லையென்றால் வெளியூர்க்காரர்கள் பலருக்கு அந்தக் குரல்கள் கேட்டே இருக்காது. ஆனால் எந்தப் படமும் இயக்குநர் பொறுக்கி எடுத்ததுதான். மிச்சம் எங்கே போகிறது? யூத இனப்படுகொலை பற்றி க்ளோட் லான்ஸ்மான் 1985இல் வெளியிட்ட 'ஷோவா' ஆவணப்படம் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதிலும் சேராத 200 மணி நேரத்துக்கு மேற்பட்ட பதிவுகளை அமெரிக்காவின் ஹோலோகாஸ்ட் நினைவு அருங்காட்சியகம் வாங்கிப் பாதுகாக்கிறது. ஆர்மீனிய இனப்படுகொலையில் தப்பியவர்களை மைக்கேல் ஹகோபியன் தேடித்தேடிப் படம்பிடித்தார். அந்த நேர்காணல்கள், இனப்படுகொலைகளில் தப்பியவர்களின் சாட்சியங்களைச் சேர்க்கும் அமெரிக்காவின் ஷோவா அறக்கட்டளையின் (லான்ஸ்மானின் படத்தோடு தொடர்பில்லாதது) காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தன.

அங்கே 50,000க்கும் மேற்பட்ட சாட்சியங்கள் இருக்கின்றன. கொலையை மட்டும் கேட்டு எழுந்துவிடுவதில்லை. அதற்கு முன் எப்படி வாழ்ந்தார், பிறகு எப்படிப் பிழைத்தார் என்பதையும் கேட்கிறார்கள். எந்த நிமிடத்தில் எதைப் பேசினார் என்று தேடி எடுக்கவும் வழி செய்திருக்கிறார்கள். வெண்மணியில் அப்படி உட்கார்ந்து கேட்டால் தண்டனையாகக் கொடுத்த சாணிப்பாலும் சவுக்கடியும் வரும், நடவுப் பாட்டு வரும், எந்த மரக்காலில் கூலி அளந்தார்கள் என்பது வரும், விடுதலைத் தீர்ப்புக்கு மறுநாள் யார் வயலில் இறங்கினார்கள் என்பதும் வரும்.

தஞ்சாவூரில் இடத்துக்குப் பஞ்சமில்லை. மராட்டிய அரசர்களின் மோடி எழுத்து ஆவணங்களுக்கே சரஸ்வதி மகால் நூலகத்தில் இடம் இருக்கிறது; பண்ணையாள் குரலுக்கு இருக்காதா? ஒரு பிரதி அங்கே, ஒன்று தமிழ்ப் பல்கலைக்கழகத்தில், ஒன்று கட்டாயம் வெண்மணியிலேயே. எதை இப்போது வெளியிடலாம், எதைத் தன் காலத்துக்குப் பிறகு வெளியிடலாம் என்பதைப் பேசியவரே சொல்லட்டும். அவர் அதே ஊரில்தான் நாளைக்கும் நடமாட வேண்டும். எடுத்த கையோடு யூடியூபில் ஏற்றுவதில் என்ன வீரம்?

படம் எடுத்த நண்பர்களே, வெட்டாத பதிவுகள் பழைய கேசட்டிலோ ஹார்டு டிஸ்க்கிலோ கிடந்தால் அடைமழைக்கு முன் பிரதி எடுத்துவிடுங்கள். டெல்டாவின் ஈரத்தில் கேசட் பூஞ்சை பிடித்துவிடும்.