லாக்ஸ்டன் கிராமத்தை விட்டுவிட்டீர்களே!

இங்கிலாந்துக் கிராமங்களைப் பற்றிய உங்கள் கட்டுரை வைக்கோல் கூரை வீடு, பழைய தேவாலயம், பூந்தோட்டம் என்றே போகிறது. சரி, அதுவும் அழகுதான். ஆனால் நாட்டிங்ஹாம்ஷயரில் உள்ள லாக்ஸ்டனைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. 18, 19ஆம் நூற்றாண்டுகளில் சட்டம் போட்டு ஊர்ப் பொது வயல்களைப் பிரித்து வேலி அடைத்தபோது தப்பிய மிகச் சில ஊர்களில் இது ஒன்று. மூன்று பெரிய வயல்கள். ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு விவசாயிக்கும் நீள நீளமான துண்டுகள். முன்பெல்லாம் ஒரு வயலில் கோதுமை, இன்னொன்றில் வசந்தகாலப் பயிர், மூன்றாவது தரிசு என்று சுழலும். நிலம் சிதறிக் கிடப்பதால் பண்ணை வீடுகள் எல்லாம் ஊர்த் தெருவிலேயே வரிசையாக நிற்கின்றன.

எனக்குப் பிடித்தது அங்குள்ள ‘கோர்ட் லீட்’ என்ற ஊர் மன்றம். குளிர்காலத் தொடக்கத்தில் நடுவர்கள் கோதுமை விதைத்த வயலுக்குப் போய், யாராவது பாதையையோ பொதுப் புல்தரையையோ சேர்த்து உழுதிருக்கிறார்களா என்று பார்ப்பார்கள். உழுதிருந்தால் அபராதம். இது இன்றும் நடக்கிறது! 1635இல் வரைந்த ஊர் வரைபடத்தில் ஒவ்வொரு துண்டும் இருக்கிறது, உழுகிற ஆட்கள்கூட. அடுத்த பகுதியில் அந்தப் படத்தையாவது போடுங்கள்.