மும்பையில் 11 மாத வீட்டு வாடகை ஒப்பந்தத்தைப் பதிவு செய்ய வேண்டாமா?

"11 மாதத்துக்குத்தானே, பதிவு எதுக்கு?" என்று செம்பூர், தாராவி தமிழர் வாட்ஸப் குழுக்களில் ஒரு செய்தி சுற்றுகிறது. மும்பையைப் பொறுத்தவரை இது தவறு.

1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைத்தான் கட்டாயமாகப் பதியச் சொல்கிறது. 11 மாதக் கணக்கு அங்கிருந்து வந்தது. ஆனால் மகாராஷ்டிர வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், 1999, பிரிவு 55 எந்தக் கால வரம்பும் வைக்கவில்லை. லீவ் அண்ட் லைசென்ஸ் (குறிப்பிட்ட காலத்துக்கு வீட்டைப் பயன்படுத்த மட்டும் அனுமதி தரும் ஒப்பந்தம்) ஆனாலும் வாடகை ஆனாலும் எழுத்தில் இருக்க வேண்டும், பதிவும் ஆக வேண்டும்.

பதியும் பொறுப்பு வீட்டுக்காரருடையது. தவறினால் 3 மாதம் வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அதைவிட முக்கியம்: பதிவான ஒப்பந்தம் இல்லையென்றால், நிபந்தனைகளைப் பற்றிக் குடியிருப்பவர் சொல்வதே எடுபடும், மறுப்பவர்தான் நிரூபிக்க வேண்டும். இதைச் சொன்னாலே பல வீட்டுக்காரர்கள் பதிவுக்குக் கிளம்பிவிடுவார்கள்!

அதற்காக, லைசென்ஸ் காலம் முடிந்த பிறகும் வீட்டைப் பிடித்து வைத்திருக்கலாம் என்று நினைத்துவிடாதீர்கள். பிரிவு 24இன்படி, காலி செய்யாதவர் லைசென்ஸ் கட்டணத்தைப் போல இரண்டு மடங்கு கட்ட நேரிடும்.