நடந்தால் மட்டும் போதுமா?

"தினமும் அரை மணி நேரம் நடந்தால் உடம்பின் எல்லா அசைவும் கிடைத்துவிடும், வேறு பயிற்சியே வேண்டாம்" என்று பாளையங்கோட்டைப் பக்கம் வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. நடை நல்லதுதான், விட்டுவிடாதீர்கள். ஆனால் இந்தச் செய்தி தவறு.

உடலசைவை மூன்று தளங்களாகப் பிரிப்பார்கள்: முன்பின், பக்கவாட்டு, திருகல். நடையில் கைகாலின் பெரிய வீச்சு முன்பின் தளத்தில்தான். மற்ற இரண்டும் சிறிதளவே.

அதனால் என்ன என்கிறீர்களா? தாமிரபரணி ஆற்றின் குறுக்குத்துறைப் படியில் பாசி வழுக்கும்போது, சட்டென்று ஒரு காலைப் பக்கவாட்டில் வைத்துத்தான் பிடித்து நிற்கிறோம். அப்போது உழைப்பது இடுப்பின் பக்கத் தசை. கிணற்றிலிருந்து குடத்தைத் தூக்கித் திரும்பி வைத்தபோது அம்மாக்களுக்குத் திருகல் தானாகவே கிடைத்தது. இப்போது குழாயைத் திறக்கிறோம்.

சரி, என்ன செய்யலாம்? சுவரைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் பத்து அடி போய்வாருங்கள். அப்புறம் நின்றபடி மேலுடம்பை மெதுவாக இருபுறமும் திருப்புங்கள். முதுகுவலி உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்டுவிட்டுச் செய்யுங்கள். 65 வயது தாண்டியவர்கள் வாரம் 3 நாளாவது சமநிலைப் பயிற்சியும் செய்யவேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம்.